பதினான்காம் வால்வு

காலை எட்டு மணிக்கு ஆபீஸ் பியூன் நீலமேகம் ஈரத்துணியோடு வந்து, வழக்கம்போலச் சபாரத்தினத்தைத் துடைத்தார். நெற்றி, காது, சட்டைக் காலர் என்று ஒன்றையும் விடவில்லை. வால்வுச் சக்கரத்தைப் பிடித்திருந்த கையை மட்டும் தொடவில்லை. தொட்டால் நீதிமன்ற அவமதிப்பு.

செவ்வாய்க் கிரகக் குடியிருப்பின் காற்று வாரியத்தில் சபாரத்தினம் உதவிப் பொறியாளர். நாலு வருடமாக அப்படியே நிற்கிறார். குழாய் வழியாகக் கஞ்சி போகிறது. கண்கள் மட்டும் அவ்வப்போது நீலமேகத்தைத் தேடும். கீழ்த்தளத்துக்குக் காற்று போகப் பதினான்காம் வால்வைத் திறக்க வேண்டும் என்று நீதிபதி இடத்தில் இருக்கும் நீதிப்பொறி உத்தரவிட்டபோது, மனிதர் ஒரே வரியில் பதில் அறிக்கை கொடுத்தார்: 'நடவடிக்கை எடுக்கப்பட்டு வருகிறது.'

பூமியில் இந்த வரியை எழுதிவிட்டுக் காபி சாப்பிடப் போகலாம். இங்கே அது நடக்காது. அரசு ஊழியர் ஒவ்வொருவரின் பிடரியிலும் மிளகளவில் ஓர் ஆணைமணியைப் புதைத்திருக்கிறார்கள். நீதிமன்றத்துக்கு எழுதிக் கொடுத்ததை உடம்பு அப்படியே செய்யும். பொய் அறிக்கை ஒழிந்தது என்று அன்றைக்கு இனிப்பு வழங்கினார்கள், புண்ணியவான்கள்! சபாரத்தினத்தின் உடம்பு இன்னமும் நடவடிக்கை எடுத்து வருகிறது. எடுத்து முடிக்கவில்லை, அவ்வளவுதான்.

அவர் நாற்காலிக்குப் புதிதாக வந்தவள் குணவதி. வந்து மூன்றே நாள். அவமதிப்பு வழக்கில் அவளும் அறிக்கை தர வேண்டிய காலையில், கீழ்த்தளத்துச் சவரிமுத்து மேசை முன்னால் வந்து நின்றான். வழக்குப் போட்டவன் அவன்தான்.

"எம் பொண்டாட்டிக்கு நேத்துலேர்ந்து உதடெல்லாம் நீலமா கெடக்கு மேடம். நாலு வருசமா ஒரே பதிலையே சொல்றீங்க. அவ போனப்புறம் காத்து வந்து என்ன, கருமாதிக்கா?"

குணவதிக்கு வெட்கமாக இருந்தது. பேனாவை எடுத்து, 'இன்று பத்து மணிக்கு வால்வைத் திறக்கிறேன்' என்று எழுதினாள்.

எட்டிப் பார்த்த நீலமேகம் பதறிப்போனார். "அய்யய்யோ, நேரம் போட்டு எழுதுறீங்களேம்மா! இந்த ஆபீஸ்ல யாரும் அப்படி எழுதினதே இல்லையே!"

பத்து மணிக்குக் கால்கள் தாமாக எழுந்தன. அவள் கைகள் சபாரத்தினத்தின் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தன, சக்கரத்தைச் சுற்றின. அடியில் எங்கோ 'உஸ்' என்று நீளமாக ஒரு சத்தம். சவரிமுத்து போனில் அழுதுகொண்டே கத்தினான்: "மேரி, காத்து வருதா? வருதா புள்ள?" பக்கத்தில் சபாரத்தினத்தின் கை வெறுங்காற்றைத் திருகிக்கொண்டிருந்தது.

பதினொரு மணிக்கு நீதிப்பொறியின் நோட்டீஸ் வந்தது. குற்றம்: நடைபெற்று வந்த நடவடிக்கையில் குறுக்கிட்டு, அதை முடித்துவைத்தது. கால் மணி நேரத்தில் விளக்கம் வராவிட்டால் வால்வு பழையபடி மூடப்படும்.

நீலமேகம் பழைய கோப்பிலிருந்து ஒரு மாதிரிக் கடிதத்தை உருவி நீட்டினார். "இதுல கையெழுத்துப் போட்ருங்கம்மா. பூமியில எல்லாரும் எழுதுறதுதான்."

அதில் 'நடவடிக்கை' என்ற சொல் இருக்கிறதா என்று இரண்டு முறை தேடினாள். இல்லை. அப்பாடா என்றிருந்தது. 'நிபந்தனையற்ற மன்னிப்புக் கோருகிறேன். இனி இதுபோல் நிகழாமல் பார்த்துக்கொள்கிறேன்.' கையெழுத்துப் போட்டாள்.

மன்னிப்பு ஏற்கப்பட்டது. வால்வும் திறந்தே இருந்தது. குணவதி எழுந்து போய் வால்வு வரிசையின் முன்னால் நின்றாள். கண்களை அகலத் திறந்தாள். அப்புறம் இமைக்கவே இல்லை.

இப்போது நீலமேகம் தினமும் இரண்டு பேரைத் துடைக்கிறார். அவளுக்கு மணிக்கொரு தரம் கண்ணில் சொட்டு மருந்தும் விட வேண்டும். மேரி பிழைத்துக்கொண்டாள். சவரிமுத்து ஒருநாள் கும்பிட்டுவிட்டுப் போக வந்து, குணவதியின் கண்களைப் பார்த்ததும் கும்பிடாமலே திரும்பிவிட்டான்.

போன வாரம் பக்கத்துத் தளத்திலிருந்து ஒருத்தி கைக்குழந்தையோடு வந்தாள். பதினைந்தாம் வால்வைத் திறக்கச் சொல்லித் தீர்ப்பு வாங்கி வைத்திருந்தாள். அந்தப் பெண் சக்கரத்தை நெருங்கியதுமே குணவதியின் கை பாய்ந்து அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டது.

"புள்ளைக்கு மூச்சுத் திணறுதுய்யா!" என்று அவள் நீலமேகத்திடம் கதறினாள். "இந்த விசயத்த இங்க யாருதான் பாக்குறாங்க?"

நீலமேகம் துணியைப் பிழிந்து உதறினார்.

"அம்மா பாத்துக்கிட்டுதான் இருக்காங்க" என்றார்.