பாப்பா இல்லாத பதிப்பு

“எந்தப் பாப்பா?” என்றாள் மனைவி.

மகள் சாப்பிட்டாளா என்று கேட்கத்தான் எடிட்டர் வீட்டுக்குப் போன் செய்திருந்தார். “வெளையாடாத. நம்ம பாப்பாதான்.”

“நமக்கு ஏதுங்க பாப்பா? ஏன் இப்படிப் பேசுறீங்க?”

அது கேலிக்குரல் இல்லை. ஆறாத புண்ணைத் தொட்டுவிட்ட குரல். போனை வைத்துவிட்டாள்.

அவர் எடிட் செய்துகொண்டிருந்த சினிமாவை இன்னும் ஒருவரும் பார்க்கவில்லை, திட்டாதவரும் இல்லை. கும்பல் ஒரு வீட்டைக் கொளுத்தும்போது உள்ளே குழந்தை இருப்பதைக் காட்டியதுதான் குற்றமாம். அதில் நடிக்க யாரும் பிள்ளையை அனுப்பாததால் எடிட்டர் தன் மகளையே அனுப்பியிருந்தார். “கொழந்தை ஒரு ஃபிரேம்லகூட இருக்கக் கூடாதுப்பா” என்று தயாரிப்பாளர் காலில் விழாத குறையாகக் கெஞ்ச, காலையிலிருந்து அவள் வரும் காட்சிகளை நீக்கி, டிஸ்கிலிருந்தும் அழித்திருந்தார்.

ஜன்னல் இல்லாத அந்த அறையில் ஏசி இரைந்துகொண்டிருக்க, சூடேறிய ஒயர்களின் வாடை மூக்கில் ஏற, போனிலிருந்த படங்களைத் தள்ளிக்கொண்டே போனார். பிறந்தநாள் படத்தில் அவரும் மனைவியும் இருபுறமும் குனிந்து, நடுவில் இருந்த வெறுங்காற்றுக்கு முத்தம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள்.

கம்ப்யூட்டரில் எல்லா ஃபோல்டர்களையும் கிளறினார். ஒன்றாவது மிஞ்சியிருக்கக் கூடாதா, கடவுளே!

ஒன்று மிஞ்சியிருந்தது. டைரக்டரே வேண்டாமென்று ஒதுக்கிய மாற்று முடிவு. அதில் மகள் அறைக்குள் ஓடிக் கதவைச் சாத்திக்கொள்வாள். தீ பரவும். கதவு திறக்காது.

கதவு சாத்தும் இடம்வரை மட்டும் வெட்டியெடுத்துப் படத்தில் சேர்த்தார்.

போன் அடித்தது.

“ஏங்க, பாப்பா சாப்பிடவே மாட்டேங்கிறா.”

போன உயிர் திரும்பி வந்தது. வெட்கமில்லாமல் அழுதார். “அவகிட்ட குடும்மா.”

“எங்க குடுக்குறது? திடீர்னு ரூமுக்குள்ள ஓடிக் கதவச் சாத்திக்கிட்டா. தட்டுறேன், தெறக்கல.” மூச்சை இழுத்தாள். “ஏதோ கருகுற வாடை வருதுங்க.”

எடிட்டர் திரையைப் பார்த்தார். அவர் வெட்டிய இடத்தைத் தாண்டிக் காட்சி ஓடிக்கொண்டிருந்தது. கதவின் அடியில் புகை.

வெட்டினார். நீண்டது.

மறுபடி வெட்டினார். இன்னும் நீண்டது.

போனில் மனைவி கதவை இடித்தாள். அலறினாள்.

மொத்தமாக அழித்தால் தீ நின்றுவிடும். மகளும் இருக்க மாட்டாள்.

டெலீட் பொத்தான்மேல் விரல். அழுத்த முடியவில்லை. எடுக்கவும் முடியவில்லை.

திரையில் இப்போது அறையின் உட்புறம். மகள் கதவில் முதுகை ஒட்டி நின்று அவரையே பார்த்தாள்.

“அப்பா, என்னை அழிச்சிடாதப்பா.”

அவள் பின்னலின் நுனி எரிந்துகொண்டிருந்தது.