ஊசி விழும்வரை

மெழுகுதிரி எரிந்துகொண்டிருந்தது, ஆனால் உருகவில்லை. அதை முதலில் கண்டவன் மத்தேயுதான். சுடர் நிமிர்ந்து நின்றது, மெல்லப் புகைந்தது, நூல் கருகும் மணம்கூட மூக்கில் ஏறியது. அப்படியிருந்தும் மெழுகின் விளிம்பு அவன் கொளுத்தியபோது எங்கே இருந்ததோ அங்கேயே இருந்தது. அந்த விளிம்புக்குச் சற்றுக் கீழே, அவன் கையால் குத்திய ஊசி பக்கவாட்டில் நீட்டிக்கொண்டிருந்தது.

கோயிலுக்குப் பக்கத்து மண்டபத்தில், ஐம்பத்தேழாம் ஆண்டு வெள்ளம் சுவரில் விட்டுப்போன கறைக்குக் கீழே உட்கார வாங்குகளைப் போட்டு, மாலைச் செபம் முடிந்த கையோடு வாவியில் வலை போடும் இடங்களான வலைப்பாடுகள் ஆண்டுதோறும் இப்படித்தான் ஏலம் போகும். மாதம் எத்தனை கூடை இறால் கோயிலுக்குக் கொடுப்பது என்பதே கேள்வி. ஊசி நிற்கும்வரை யாரும் கூட்டிக் கேட்கலாம். மெழுகு இளகி ஊசி பித்தளைத் தட்டில் விழுந்தால், கடைசியாகக் கேட்டவருக்கு அந்த இடம். மணிக்கூட்டைச் சந்தேகிக்கிற சனம், ஊசியை ஒருநாளும் சந்தேகித்ததில்லை.

ஊசி குத்துவது கோயில் வேலை பார்க்கும் மத்தேயுவின் பொறுப்பு. அதைச் சூடாக்கி மேலோட்டமாகக் குத்திவிட்டால், முழங்காலால் மேசையை ஒரு தட்டுத் தட்டினாலே விழுந்துவிடும். போன வருசம் அப்படித்தான் தட்டினான். போட்டிக்கு நின்ற ஜெயராஜா கூட்டிக் கேட்க வாயெடுத்த நேரம் ஊசி விழுந்தது. கண்ணா மரக்காட்டோர வலைப்பாடு மத்தேயுவின் தங்கை புருசன் வின்சன்றுக்குப் போனது. இடமில்லாத ஜெயராஜா தன் சின்னத் தோணியை கடலிழுக்கிற முகத்துவாரத்துப் பக்கம் கொண்டுபோனான். தோணி மட்டும் திரும்பி வந்தது.

இன்றைக்கு மறுபடி அதே இடத்துக்கு ஏலம்; ஊசியும் மேலோட்டமாகத்தான் குத்தப்பட்டிருந்தது. வாசலில் வின்சன்ற் மத்தேயுவின் தோளில் கைபோட்டு, "போன வருசம் மாதிரிப் பாத்துக்க மச்சான். உன்ட தங்கச்சிர பிள்ளைகள்தானே சாப்பிடுறது" என்றிருந்தான். மத்தேயு மாட்டேன் என்று சொல்லவில்லை.

"ஆறு கூடை," என்றான் வின்சன்ற்.

"ஏழு." ஜெயராஜாவின் மனைவி மார்கிறட்டின் குரல். தன் அண்ணன்மாரை வேலைக்கு இறக்கி இந்த வலைப்பாட்டைச் செய்தால்தான் பிள்ளைகளோடு அவள் இந்த ஊரில் இருக்கலாம்.

"பாத்துக் கேளுகா, இறால் என்ன உன்ட குசினிச் சட்டிக்குள்ளயா குஞ்சு பொரிக்குது?" என்று ஒருவன் கிண்டலடித்தான்.

"உங்கட வலைக்க வாறதைவிட என்ட குசினிக்க கூடத்தான் கிடக்கு."

மண்டபம் சிரித்தது.

"எட்டு," என்றான் வின்சன்ற்.

மத்தேயு முழங்காலால் மேசையைத் தட்டினான். பித்தளைத் தட்டுக் கிணுங்கியது. ஊசி அசையவில்லை.

"ஒன்பது," என்றாள் மார்கிறட்.

"என்ன மத்தேயண்ணன், மெழுகுதிரியா, வேலிக்கட்டையா நட்டு வைச்சிருக்கீங்க?" என்று கூட்டத்தில் ஒருவன் கேட்டான்.

மறுபடி சிரிப்பு. மத்தேயுவுக்குச் சிரிப்பு வரவில்லை. வெளியே வாவிக் காற்று விழுந்துபோயிருந்தது. தென்னோலைகளின் சலசலப்பும் இல்லை. மெழுகின் மணத்துக்கு அடியிலிருந்து வேறொரு மணம் மெல்லக் கிளம்பியது. சேறு, உப்பு, நாட்பட்ட ஈரக் கயிறு. ஜெயராஜாவின் வெறுந்தோணியைக் கரைக்கு இழுத்தபோது அதன் அடிப்பலகையிலிருந்து வந்த அதே மணம். ஊசியின் தலையில் ஒரு துளி திரண்டு தொங்கியது. மெழுகாக்கும் என்று தொட்டான். தண்ணீர். குளிர்ந்த தண்ணீர். விரலை நாக்கில் வைத்தான். உப்பு.

இப்போது சொல்லிவிடலாம். ஊசி பிழை, வேறு திரி கொளுத்துவோம் என்றால் போதும். ஏன் என்றுகூட யாரும் கேட்கமாட்டார்கள். ஆனால் வின்சன்றின் கண் அவன்மேலேயே இருந்தது.

"பத்து," என்றான் வின்சன்ற். அதற்கு மேலே அவனால் முடியாது. மத்தேயுவுக்கு அது தெரியும்.

மார்கிறட் எழுந்தாள். மூச்சை இழுத்தாள்.

இப்போது.

திரியைச் சரிசெய்பவன்போல் உடம்பால் மறைத்துக்கொண்டு ஊசியைப் பிடித்து இழுத்தான்.

வரவில்லை.

மறுபடி இழுத்தான். ஒரு நூலளவு வந்தது. பிறகு திரும்பிப் போனது. உள்ளே. தானாக.

குனிந்து பார்த்தான். ஈஸ்டருக்கு ஏற்றும் பாஸ்கா திரியின் மிச்சம் அது, முன்னங்கைப் பருமன். சுடரின் வெளிச்சம் மெழுகுக்குள் மஞ்சளாய் இறங்கியிருந்தது, ஆழமில்லாத தண்ணீருக்குள் வெயில் இறங்குவதுபோல. அதற்குள் ஏதோ வெளிறித் தெரிந்தது. விரல்கள். இரண்டு. ஊறி வெளுத்தவை. ஊசியின் மறுமுனையைப் பிடித்திருந்தன.

"பன்னிரண்டு," என்றாள் மார்கிறட்.

"மச்சான்." வின்சன்றின் குரல். "கைய எடு. சனம் பாக்குது. கைய எடு மச்சான்!"

அவன் எடுக்கத்தான் பார்த்தான். ஊசி மெல்ல மெல்ல உள்ளே போனது. தலையும் போனது. சுடர் அசையவில்லை. மெழுகு அவன் நகத்தை மூடியது. பிறகு முதல் கணுவை. உள்ளே, அந்தக் குளிரில், ஈர விரல்கள் ஊசியை விட்டுவிட்டு அவன் விரலைப் பிடித்துக்கொண்டன.