பட்டறை வாசலில் ஒருவர்

எல்லாரும் வெளியே ஓடி வந்துகொண்டிருந்தார்கள். ஒருவர் மட்டும் பின்பக்கமாக நடந்து உள்ளே போனார்.

படச்சுருளைத் தலைமாற்றிச் சுற்றிவைத்த புண்ணியவான் எவனோ என்று டோரிஸ் முதலில் திட்டினாள். அப்படியானால் எல்லாருமல்லவா பின்னால் போகவேண்டும்? புகை சரியாக மேலே போனது. அந்த ஒருவர்தான், முகத்தை இவள் பக்கம் வைத்துக்கொண்டு, எரிகிற பட்டறைக்குள் போனார். முகம் தெளிவதற்குள் சுருள் முடிந்துவிட்டது.

மதராஸ் படக் கம்பெனிகளுக்குப் பழைய படச்சுருள் தேடிக்கொடுப்பது செகந்திராபாத் சிலாஸின் தொழில். ஓட்டிப் பார்த்துப் பொறுக்குவது டோரிஸின் வேலை. சும்மாவா வந்தாள் இந்த வேலைக்கு? ரயில்வே பட்டறை தீப்பிடித்த அன்று, கூட இருந்தவர்களை விட்டுவிட்டு ஓடிப்போனவர் என்று அவள் அப்பா தேவசகாயத்துக்குப் பெயர். உடம்பும் கிடைக்கவில்லை. கோயிலில் அம்மா உட்கார்ந்த பெஞ்சில் வேறு யாரும் உட்காரமாட்டார்கள். அந்தத் தீயை எவனோ படம் பிடித்தான் என்று கேள்விப்பட்ட நாளிலிருந்து அவள் திறக்காத தகரப்பெட்டி இல்லை.

சிலாஸ் கதவருகே நின்றார். "அந்தச் சுருள் நக்கோ, வேணாம், டோரிஸ்மா. போன மாசம் ஓட்டிப் பாத்த தேவராஜை இன்னும் தேடிக்கிட்டிருக்காங்க. கைக்கு, எதுக்கு உனக்கு இந்தப் பிடிவாதம்?"

"ஓடிப்போனவர் மகள்னு இருபது வருசமா கேட்டாச்சு, சார். இன்னைக்கு முகத்தைப் பாக்காம விடமாட்டேன். கதவச் சாத்திட்டுப் போங்க."

பென்சிலைக் கொண்டையில் செருகிக்கொண்டு, சுருளை மறுபடி புரொஜெக்டரில் மாட்டிக் கைப்பிடியைச் சுற்றினாள். வெளியே நடுப்பகல், டோங்கா வண்டிக்காரன் யாரையோ வைதுகொண்டே போன சத்தம் மெல்லத் தேய, சக்கரத்தின் கடகடப்பும், பிலிமின் கற்பூர நெடியும், அதற்கடியிலிருந்து எழுந்த கருகிய எண்ணெய் நாற்றமும் அந்தச் சின்ன அறையை அடைத்தன.

அவர் வந்தார். இந்தத் தடவை கிட்டத்தில். புருவத்தில் தழும்பு. அப்பா.

"ஓடல! உள்ளதான் போனாரு! கேட்டீங்களா, சார்?" என்று கத்தினாள். அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.



ஏன் பின்னால் நடக்கிறார்? அப்போதுதான் கையைப் பார்த்தாள். உள்ளங்கை கீழே பார்க்க, விரல்கள் மடங்கி மடங்கி. வா. வா. யாரையோ கூப்பிட்டுக்கொண்டே போகிறார்.

விட்டுவிட்டு ஓடு என்றது மனசு. நிறுத்தினால் விளக்குச் சூட்டில் பிலிம் எரியும். அப்பா மறுபடி ஓடிப்போனவர் ஆகிவிடுவார். மாட்டேன். பல்லைக் கடித்துக்கொண்டு சுற்றினாள்.

திரையின் ஓரத்தில் ஒரு பெண்ணின் முதுகு நுழைந்தது. அப்பாவை நோக்கி நடந்தது. கொண்டை. அதில் செருகிய பென்சில்.

டோரிஸ் இரண்டு கைகளாலும் தன் கொண்டையைத் தடவினாள். பென்சில் இல்லை.

கைப்பிடி சுற்றிக்கொண்டே இருந்தது.