கறுப்புத் தாளுக்குள்ளே

எது முதலில் நடந்தது என்று தாவூதுக்கு இன்றைக்கும் உறுதியில்லை. கல்யாண ஃபிலிம் கெட்டதா, விரல் நுனி உரிய ஆரம்பித்ததா? வருஷம் எண்பத்து நாலு என்பான். பிறகு, எண்பத்தைந்தாகவும் இருக்கலாம் என்பான். ஆனி மாதம் என்பது மட்டும் நிச்சயம். பாலக்கோட்டில் தக்காளி விலைபோகாமல் மார்க்கெட் சாலையோரம் கொட்டிக் கிடந்தது. அந்தப் புளித்த வாடை அவனுடைய ஸ்டுடியோவைத் தாண்டி, பின்னாலிருந்த வீட்டைத் தாண்டி, இரண்டுக்கும் நடுவில் ஜன்னலே இல்லாமல் இருந்த டார்க் ரூமுக்குள்ளும் வந்து படம் கழுவும் ஹைப்போ மருந்தின் நெடியோடு கலந்து நின்றது.

தருமபுரியில் ஒரு கல்யாணம். மூன்று ரோல். கழுவி எடுத்து, ஈரம் சொட்டச் சொட்ட பல்புக்கு நேரே தூக்கிப் பிடித்தபோது மாப்பிள்ளை, பெண், ஐயர் எல்லோரும் பனிக்குள் உட்கார்ந்திருப்பது போலத் தெரிந்தார்கள். ஓமப்புகை என்று முதலில் நினைத்தான். பிறகு கவனித்தான். படமே இல்லாத ஓரத்திலும், ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவில் கண்ணாடி போல இருக்கவேண்டிய கோட்டிலும் அதே சாம்பல் நிறம். கேமராவுக்குள் நுழைந்த புகை இல்லை அது. இந்த அறைக்குள் வந்த பிறகு படிந்தது.

டார்க் ரூமில் எங்கேயோ வெளிச்சம் கசிகிறது.

அந்த மாதம் அறையில் புதிதாக வந்தது என்று பார்த்தால் ஒரே ஒரு சாமான்தான். அதைக் கொண்டுவந்தவன் கோவிந்தன். பென்னாகரம் பக்கம் மலையடிவாரத்தில் துளை போட்டு அணுக் கல் தேடுகிறார்கள் என்று ஊரில் பேச்சு. அணு கேம்ப் என்றே அதற்குப் பெயர். கோவிந்தன் அங்கே எடுபிடி வேலை செய்தான். படம் எடுத்துக்கொள்ள வந்தவன், கம்பியில் காயப்போட்டிருந்த ஃபிலிமைப் பார்த்துச் சிரித்தான்.

"என்ன பாய், அவரைக்கொடி மாதிரி சுருண்டுக்கிட்டுக் கெடக்குது? கீழே ஒரு குண்டைக் கட்டி வுடுறதுதானே?"

"கிளிப்புதான் மாட்டறேன். கனம் பத்த மாட்டேங்குது."

அடுத்த வாரமே கொண்டுவந்தான். சுண்டுவிரல் அளவு எஃகு உருளை, நுனியில் வளையம். கையில் வாங்கியதும் அதன் கனத்தில் மணிக்கட்டு கொஞ்சம் இறங்கியது. கேம்ப்பைக் கலைக்கிறார்களாம். கனமான ஈயப் பெட்டிக்குள் தனியாக வைத்திருந்தார்களாம். பெட்டியைப் பழைய சாமான்காரன் எடுத்துக்கொண்டான். இதை இவன் எடுத்துக்கொண்டான். அதன் பக்கவாட்டில் பொடி எழுத்தும், மூன்று இறக்கை போட்ட ஒரு முத்திரையும் இருந்தன.

"என்னடா இது, மூணு றெக்கை?"

"ஃபேன் கம்பெனி சாமான் போல பாய். காத்து வருதான்னு பாருங்க."

இருவரும் சிரித்தார்கள். அன்று முதல் ஃபிலிம் நேராகத் தொங்கியது.

வெளிச்சம் நுழையும் ஓட்டையை வெளிச்சத்தில் தேட முடியாது. இந்தத் தொழிலில் அதற்கு ஒரே வழிதான். கதவைச் சாத்தி, சிவப்பு பல்பையும் அணைத்துவிட்டு, கால் மணி நேரம் அசையாமல் உட்கார வேண்டும். கண் இருட்டுக்குப் பழகிய பிறகு ஊசிமுனை ஓட்டைகூட நட்சத்திரம் போலத் தெரிய ஆரம்பிக்கும். தாவூது கம்பிக்குக் கீழே முக்காலியைப் போட்டு உட்கார்ந்தான். குழாய் சொட்டும் சத்தம், தூரத்தில் கரும்பு லாரியின் உறுமல், தன் காதுக்குள்ளேயே ஓடும் ரத்தத்தின் இரைச்சல், கன்னத்துக்குப் பக்கத்தில் லேசாக ஆடும் குண்டு. கால் மணி நேரம் அரை மணி ஆனது. ஓட்டை எதுவும் தெரியவில்லை. இருந்தும் கதவிடுக்கில் கறுப்புத் துணி அடித்தான், சுவர் வெடிப்பில் தார் பூசினான். அடுத்த ரோல் முன்னதைவிட மோசமாகக் கெட்டது.

விரல் நுனிகள் சிவந்து, வெங்காயத் தோல் போல உரிந்தன. டெவலப்பர் சேராமல் போனால் அப்படி ஆகும். பல போட்டோக்காரர்களுக்கு உண்டு. தேங்காயெண்ணெய் தடவிக்கொண்டான்.

அவனைவிடப் பரிதாவுக்குக் கண் கூர்மை. அரிசியில் கல் பொறுக்கும்போதே தெரியும். கல்யாணமாகி ஏழு வருஷம் கழித்து அவள் வயிற்றில் தங்கிய முதல் பிள்ளைக்கு அப்போது ஐந்தாவது மாதம். கனமான வேலை எதுவும் கொடுக்கக் கூடாது என்று தாவூதே தண்ணீர்க் குடம் தூக்கினான். சும்மா உட்கார்ந்து பார்ப்பதில் என்ன கஷ்டம் இருக்கிறது?

"சினிமாவுக்குக் கூட்டிட்டுப் போங்கன்னா, வூட்லயே இருட்டுல உக்கார வெக்கறீங்க," என்றாள்.

"இன்டர்வெல்லுக்கு முறுக்கு வாங்கித் தர்றேன். எங்கயாச்சும் பொட்டு வெளிச்சம் தெரியுதான்னு பாரு."

தொடர்ந்து ஆறு மத்தியானம் இருவரும் அப்படி உட்கார்ந்தார்கள். முக்காலியில் அவள், தரையில் அவன். அதில் ஒரு நாள் பக்கத்து வீட்டுச் சென்னம்மாள் வெளியிலிருந்து கதவைத் தட்டினாள்.

"பட்டப்பகல்ல புருசனும் பொண்டாட்டியும் கதவச் சாத்திக்கிட்டா, வர்ற கிராக்கிக்கு யாரு பதில் சொல்றது?"

பரிதா முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். கதவைத் திறந்ததும் சென்னம்மாளின் முகம் மாறிப்போனது.

"ஏம்மா, வாயும் வயிறுமா இருக்கறவ இப்படி இருட்டுல உக்காரலாமா? காத்து கருப்பு அண்டாம ஒரு இரும்பாச்சும் மடியில வெச்சிருக்கியா?"

"எங்க வூட்ல அதெல்லாம் கெடையாதுங்க அக்கா," என்றான் தாவூது.

"உங்க வூட்ல இல்லாட்டி என்ன பாய், இருட்டு எல்லாருக்கும் ஒண்ணுதானே."

அவள் போன பிறகு பரிதா வயிற்றின்மேல் ஒரு கையை வைத்தபடியே வேலை செய்தாள். ஏழு வருஷம் காத்திருந்தவள். தாவூது அதைக் கவனித்தான், கேட்கவில்லை.

ஆடி பிறந்தது. கல்யாணம் இல்லை. காயப்போட ஃபிலிமும் இல்லை. ஒழிந்த நேரத்தில் தாவூது கடைசிச் சோதனையைச் செய்தான். பிரிண்ட் பேப்பர் ஒன்றை மேஜைமேல் வைத்து, அதன்மேல் ஒரு ரூபாய் நாணயத்தை வைத்து, ஒரு ராத்திரி இருட்டில் விடுவது. வெளிச்சம் கசிந்தால் சுற்றிலும் கறுத்து, நாணயம் இருந்த இடம் மட்டும் வெள்ளை வட்டமாக நிற்கும். காலையில் கழுவினான். தாள் பால் போல வெளுத்திருந்தது. அறை சுத்தம்.

சந்தோஷமாக அலமாரியைத் திறந்து, புதுப் பேப்பர் கட்டிலிருந்து ஒன்றை எடுத்துப் படம் போட்டான். கறுத்தது. கட்டு முழுவதும் கறுத்தது. கறுப்புத் தாள் சுற்றி, அட்டைப் பெட்டிக்குள் ஒட்டுப் பிரிக்காமல் இருந்த கட்டு. அந்தப் பெட்டி டார்க் ரூமில் இல்லை. படுக்கையறைச் சுவரோர அலமாரியில் இருந்தது.

கறுப்புத் தாளை எந்த வெளிச்சமும் தாண்டாது. இருபது வருஷமாக அவன் பிழைப்பு அந்த நம்பிக்கையில் நடந்தது.

அன்று பேப்பர்களைக் கறுப்புத் தாளில் தனித்தனியாகச் சுற்றி, ஒவ்வொன்றின் மேலும் ஒரு நாணயத்தை ஒட்டி, சாக்பீஸால் எண் எழுதி, வீடெங்கும் வைத்தான். ஒன்று டார்க் ரூமில். இரண்டு ஸ்டுடியோவில். மூன்று அடுப்படியில். நான்கு படுக்கையறையில். மூன்று நாள் விட்டுக் கழுவினான். ஒன்று, வெள்ளை. இரண்டு, வெள்ளை. மூன்றில் சாம்பல், நடுவில் மங்கலாக நாணயம். நான்கு கன்னங்கரேலென்று வந்தது. நாணயத்தின் வட்டம் அதில் கண் போல விழித்தது.

அது இடம் மாறியிருந்தது.

பயம் நீங்க ஓதும் ஆயத்துல் குர்ஸியை முணுமுணுத்துக்கொண்டே, கூடத்துக்கும் ஒன்று சேர்த்து, மறுபடி வைத்தான். பகலில் ஒரு கட்டு, ராத்திரிக்கு ஒரு கட்டு. பகலில் அடுப்படிப் பேப்பர் கறுத்தது. ராத்திரியில் படுக்கையறைப் பேப்பர். பரிதா இரண்டு நாள் துணி தைக்கக் கூடத்தில் உட்கார்ந்தாள். அந்த இரண்டு நாளும் கூடத்துப் பேப்பர் கறுத்தது. அவள் சென்னம்மாள் வீட்டுக்குப் போயிருந்த ஒரு சாயங்காலம், வீட்டில் எந்தப் பேப்பரிலும் எதுவும் விழவில்லை.

அவன் சாப்பிடும்போது அவளைப் பார்த்தான். இளைத்திருந்தாள். நின்றுபோன வாந்தி திரும்பவும் வந்திருந்தது.

"என்னங்க அப்படிப் பாக்கறீங்க?"

"ஒண்ணுமில்ல."

"போட்டோ எடுக்கப் போறவர் மாதிரி பாக்கறீங்க."

அவனுக்குச் சிரிப்பு வரவில்லை. அன்றிரவு அவள் படுப்பதற்கு முன், பெரிய அளவுப் பேப்பர் ஒன்றைக் கறுப்புத் தாளில் சுற்றி அவள் பாய்க்கு அடியில் நுழைத்தான். அவள் வழக்கம்போல இடப்பக்கம் ஒருக்களித்து, வயிற்றுக்கடியில் ஒரு கையைக் கொடுத்துப் படுத்தாள். அவன் விடியும்வரை அவள் மூச்சை எண்ணிக்கொண்டிருந்தான்.

காலை பாங்கு முடிந்ததும் பேப்பரை உருவிக்கொண்டு டார்க் ரூமுக்குள் போனான். சிவப்பு பல்பைப் போட்டான். தட்டில் டெவலப்பரை ஊற்றினான். அடுப்படியில் பாத்திரம் உருளும் சத்தமும், சென்னம்மாள் வந்து ஏதோ கேட்பதும், பரிதா பதில் சொல்வதும் கதவுக்கு அந்தப்பக்கம் தேய்ந்து கேட்டன. பேப்பரைத் தட்டில் அமுக்கினான்.

ஓரத்தில் ஒரு புள்ளி கறுத்தது. மை கொட்டியது போலப் பரவியது.

கறுக்காத இடங்கள் மெல்ல நின்றன. வட்டம் வட்டமாக மூன்று வளையல்கள். அவற்றுக்குள் எலும்பு. விரல்கள். பரிதாவின் விரல்கள். சதையில்லாமல்.

தட்டை ஆட்டினான்.

விரல்களுக்கு மேலே இன்னொன்று வந்தது. சிறியது. சுருண்டது. பாசிமணி கோத்தது போல ஒரு முதுகு. அதன் முனையில் உருண்டையாக ஒரு தலை. அதற்குப் பக்கத்தில் அதே தலை இன்னொரு தரம். இன்னும் மங்கலாக, இன்னொரு தரம். ராத்திரி முழுக்க அசைந்திருக்கிறது.

ஒரே பக்கமாக அசைந்திருக்கிறது.

கறுப்புப் புள்ளியிலிருந்து விலகி. தள்ளித் தள்ளி. இனிப் போக இடமில்லாத மூலையில் போய் ஒட்டிக்கொண்டு.

ஈரப் பேப்பரோடு வெளியே ஓடினான். பரிதா அடுப்பு முன்னால் நின்றிருந்தாள்.

"இடுப்பைக் காட்டு."

"என்னங்க, காலங்காத்தால..."

"காட்டு பரிதா."

பாவாடை நாடாவுக்குக் கீழே, சுண்டுவிரல் நீளத்துக்கு, தோல் கன்றிச் சிவந்து நீர் கோத்திருந்தது.

"திட்டுவீங்கன்னுதான் சொல்லல," என்றாள் அவள். கண் நிறைந்துவிட்டது. "இருட்டுல உக்காந்து எந்திரிச்சேன்ல. சென்னம்மாக்கா சொன்னதும் பயமாப் போச்சு. உங்க ஃபிலிம் குண்டு சும்மாத்தானே கெடக்குதுன்னு நாடாவுல முடிஞ்சுக்கிட்டேன். இரும்புதானேன்னு. ரெண்டு நாளா ஒரே எரிச்சல்."

"எங்கே அது?"

"அக்கா இப்பத்தான் கேட்டு வாங்கிட்டுப் போறாங்க. அரூர்ல அவங்க பொண்ணு குள்ளம்மாள் மாசமா இருக்காளாம். கனமான நல்ல இரும்பா இருக்குதுன்னு..."

அவன் செருப்பில்லாமல் ஓடினான். பஸ் ஸ்டாண்டில் டீசல் புகையும் தக்காளி வாடையும் மட்டும் இருந்தன. அரூர் போகச் சென்னம்மாள் ஏறிய தருமபுரி பஸ் இப்போதுதான் கிளம்பியது என்றார்கள். அரூரில் குள்ளம்மாள் வீடு எங்கே என்று அவனுக்குத் தெரியாது.

கார்த்திகையில் பரிதாவுக்குப் பெண் பிறந்து ஒரு நாள் இருந்தது. அடுத்த கோடையில் பரிதாவும் போனாள். இடுப்புப் புண் கடைசிவரை ஆறவில்லை. கோவிந்தனின் வலது கையில் மூன்று விரல்களை எடுத்தார்கள். அவன் இப்போது ஓசூரில் வாட்ச்மேன். சென்னம்மாள் வீட்டைக் காலி செய்துகொண்டு போய்விட்டாள். தாவூது ஸ்டுடியோவை மூடினான். அதற்கு முன்பே அது என்ன சாமான் என்று படித்த ஒருவர் சொல்லக் கேட்டுத் தெரிந்துகொண்டிருந்தான். குள்ளம்மாளின் பிள்ளையும் தங்கவில்லை. ஆனால் யாரும் இரும்பின் மேல் குறை சொல்லவில்லை. அது அவளிடமிருந்து நாத்தனாருக்கும், நாத்தனாரிடமிருந்து அவள் ஓரகத்திக்கும் போயிருந்தது. தாவூது ஒவ்வொரு ஊராகப் போய் ஒவ்வொரு வாசலாக நின்று கேட்டான்.

கடைசியாக அவன் போய் நின்ற வீடு தீர்த்தமலைக்குப் பக்கத்தில். அந்தப் பெண் வாசலில் நின்று, இடுப்பைச் சொறிந்துகொண்டே பேசினாள்.

"நல்ல இரும்புங்க அது. துருவே புடிக்கல. ஊத்தங்கரை போற பஸ்ல பக்கத்துல ஒரு பொண்ணு உக்காந்திருந்தா. வாயும் வயிறுமா, தனியா. மனசு கேக்கல, அவ மடியில போட்டுட்டேன். பேரெல்லாம் கேக்கலைங்க."