ஒரே ஒரு வெடி

நாய் குரைக்கவில்லை. அதுதான் பெள்ளியப்பனுக்கு முதலில் உறுத்தியது. பூனை போனாலே ஊரைக் கூட்டுகிற கரியன், மழை விட்ட அந்தச் சாயங்காலம் முற்றத்து ஓரத்தில் நின்று காப்பிச் செடிகளையே பார்த்துக்கொண்டிருந்தது. ஈர மண்ணும் அழுகிய இலையும் மணக்க, குடகு மலை முழுவதையும் மூடியிருந்த பனிக்குள் ஏதோ சொட்டிக்கொண்டே இருந்தது. மரத்து நீர்தான் என்று அவன் தனக்குச் சொல்லிக்கொண்டான்.

பட்டாளத்திலிருந்து வந்து இரண்டு வருஷம் ஆகியும் பனியைக் கண்டால் கை தானாகத் துப்பாக்கியைத் தேடும். எல்லையில் எதிரிகள் வெள்ளை உடுப்பில்தான் ஏறி வந்தார்கள். பக்கத்தில் வரும்வரை ஆள் என்றே தெரியவில்லை. தோட்டாக்களை எங்காவது ஒளித்து வைக்கும்படி மனைவி தேச்சம்மாவிடம் கொடுத்தது அவனேதான்.

இன்று அவள் உள்ளே பிரசவ வலியில் துடித்துக்கொண்டிருந்தாள். மாமியார் இரட்டைக்குழல் துப்பாக்கியையும் தோட்டாப் பெட்டியையும் அவன் கையில் திணித்தாள்.

"எனக்கு வேண்டாம் அத்தை. கீழ்வீட்டு உத்தப்பன் சுடட்டும்."

"நல்லாருக்கே! பட்டாளத்துக்காரனுக்குப் புள்ள பொறந்தா மச்சினன் வந்து சுடணுமா? ஊரே சிரிக்கும். பையன்னா ஒரே ஒரு வெடி, மாப்ளே. ரெண்டு போட்டுடாதே, சாவுன்னு நெனச்சு எல்லாரும் வெள்ளை உடுத்திட்டு வந்துடுவாங்க."

குழந்தை அழுதது.

"பையன்!" என்று கத்தினாள் மாமியார்.

வானத்தைப் பார்த்துச் சுட்டான். சந்தோஷத்தில் வாய்விட்டுச் சிரித்தான். பிறகு வெடிமருந்து வாசனை வந்தது. எல்லையில் அடித்த அதே வாசனை.

செடி அசைந்தது. கரியனைக் காணோம். யாரோ இருக்கிறார்கள். உள்ளே குழந்தை.

சுட்டான்.

ஓர் ஊளை. பாதியில் நின்றது.

"கரியா?"



"என்னங்க, ரெண்டு சத்தம் கேட்டுச்சே?" உள்ளேயிருந்து தேச்சம்மாவின் குரல் வந்தது. "யாரு செத்தா?"



கொஞ்ச நேரத்தில் பனிக்குள் வந்தார்கள். வெள்ளை. வரிசையாக. பேச்சில்லாமல். சாவு வீட்டுக்கு அப்படித்தான் வருவார்கள், அது அவனுக்கு நன்றாகவே தெரியும். முன்னால் வருவது உத்தப்பன் என்றுகூடத் தெரிந்தது. கை கேட்கவில்லை. இரண்டு தோட்டாக்களைத் துப்பாக்கிக்குள் தள்ளி மூடியது.

"வராதீங்க! உங்களைக் கும்பிடறேன், வராதீங்க!"

துக்கத்தில் கதறுகிறான் என்று நினைத்து அவர்கள் ஓடி வந்தார்கள்.

ஒரு வெடி. இன்னொரு வெடி.

பள்ளத்தாக்கு முழுக்கக் கேட்டது. எதிர்க்குன்றிலிருந்தும் வெள்ளை உருவங்கள் இறங்கத் தொடங்கின.