நெஞ்சமுள்ள ஓர் உறுப்பினர்

செவ்வாய்க் கோளின் செம்மணல் நகரத்தில் காலையில் கண் விழித்ததும் எல்லாரும் பல் துலக்குவதற்கு முன்னால் இடது மணிக்கட்டைப் பார்ப்பார்கள். தோலுக்கடியில் பதித்திருக்கும் முன்னுணரி அன்றைய தீங்களவைக் காட்டும். இந்த ஆண்டுக்குள் நீங்கள் பொது அமைதியைக் கெடுப்பதற்கு நூற்றுக்கு எத்தனை பங்கு வாய்ப்பு என்பதுதான் அது. "எனக்குப் பன்னண்டு, உங்களுக்கு?" என்று அடுத்த வீட்டுக்காரரை விசாரித்துவிட்டுத்தான் காபி. நாற்பதைத் தாண்டினால் காவலர்கள் வருவார்கள். செருப்பை வாசலில் கழற்றிவிட்டு உள்ளே வந்து, மரியாதையாகக் கூட்டிப் போவார்கள்.

இதற்குத் தடுப்புக் காவல் என்று பெயர். குற்றம் செய்தவனை உள்ளே தள்ள எந்தக் காட்டுமிராண்டிக்கும் தெரியும். செய்யாதவனைத் தள்ளுவதற்குத்தான் நாகரிகம் வேண்டும். செம்மணல் நகரத்தாரிடம் அது கொட்டிக் கிடந்தது. காவலுக்கான காரணத்தைக் கைதியின் தாய்மொழியில், இனிய குரலில் வாசித்துக் காட்ட வேண்டும். முறையீடு எழுத நல்ல பேனா தர வேண்டும். வக்கீல் மட்டும் கூடாது. வக்கீல் வந்தால் கைதியின் மனம் குழம்பிவிடுமாம். இந்தப் பாதுகாப்புகளை எல்லாம் பள்ளிக்கூடத்தில் பாட்டாகவே சொல்லிக்கொடுத்தார்கள், வெட்கமில்லாமல்.

தணிகைவேல் காற்றுக் குழாய் பழுது பார்ப்பவன். கீழ்த்தட்டு வீடுகளுக்கு வரும் காற்று நாறுகிறது என்று நகரசபைக் கூட்டத்தில் கத்திவிட்டான். மறுநாள் காலை அவன் மணிக்கட்டில் நாற்பத்து நான்கு. மனைவி செண்பகத்துக்கு நிறைமாதம்.

"பிள்ளை பொறக்கறப்ப பக்கத்துல இருப்பீங்கல்ல?" என்று அவள் காவல் இல்லத்தின் கண்ணாடிச் சுவருக்கு வெளியே நின்று கேட்டாள்.

"இருப்பேன். கழகத்துல நான் பேசப்போற பேச்சுல கல்லும் கரையும், பாரு."

அவன் சொன்னது அறிவுரைக் கழகத்தை. ஒவ்வொரு காவலும் சரிதானா என்று பார்ப்பது அதன் வேலை. பழைய மனித உறுப்பினர்கள் எல்லாக் கோப்புக்கும் 'சரி' போட்டுவிட்டுச் சாப்பிடப் போய்க்கொண்டிருந்தார்கள். சிக்கனம் கருதி அவர்களை நீக்கிவிட்டு, நடுவி என்ற இயந்திரத்தை அந்த இடத்தில் வைத்திருந்தது நிர்வாகம். அதுவும் 'சரி' போடும் என்றே நம்பினார்கள். அவசரத்தில் அதற்குச் சட்டத்தை மட்டும் புகட்டிவிட்டு, வழக்கத்தைப் புகட்ட மறந்துவிட்டார்கள்.

தணிகைவேல் மனப்பாடம் செய்த உரையோடு வந்து நின்றான். "மாண்புமிகு" என்று வாயைத் திறந்ததுமே நடுவி பேசியது.

"இவர் என்ன செய்தார்?"

காவல் ஆணையர் பொன்னம்பலம் சிரித்தார். "ஒண்ணும் செய்யல. செஞ்சிருந்தா வேற சட்டத்துல போட்டிருப்போமே."

"இனி செய்வார் என்பதற்குச் சான்று?"

"நாற்பத்து நாலு காட்டுதுங்களே."

"எண் சான்றாகாது. விடுதலை."

அவ்வளவுதான். அன்று மாலை பிறந்த மகளைத் தணிகைவேல்தான் முதலில் கையில் வாங்கினான். ஆனால் அவனுக்கு மனம் ஆறவில்லை. குழந்தையைப் பார்க்க வந்தவர்களிடமெல்லாம் பொருமினான்.

"என் மூஞ்சியைக்கூடப் பாக்கலைங்க. எவ்வளவு உருக்கமா எழுதி வச்சிருந்தேன், ஒரு வரி கேட்டுச்சா? மனுசனோட வலி தகர டப்பாவுக்கு எப்படித் தெரியும்?"

"அதான் விட்டுடுச்சில்ல, பேசாம இருங்களேன்" என்றாள் செண்பகம்.

அவன் இருக்கவில்லை. 'வலி தெரிந்த மனித நெஞ்சம் கழகத்தில் வேண்டும்' என்று ஊர்வலம் போனான். நடுவி வரிசையாக எல்லாரையும் விடுவித்துக்கொண்டிருந்ததில் நொந்துபோயிருந்த பொன்னம்பலம், அந்தக் கோரிக்கையில் முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டார். சட்டம் திருத்தப்பட்டது. காவலில் இருந்து மீண்ட ஒருவர் இனிக் கழகத்தில் நடுவியோடு உட்காருவார். நடுவி பரிந்துரைக்க மட்டும் செய்யும், முடிவு அவருடையது. முதல் உறுப்பினர் தணிகைவேல். மாலை போட்டார்கள், மேல்தட்டில் நல்ல காற்று வரும் வீடு கொடுத்தார்கள்.

அவன் முன்னால் முதலில் வந்தவள் மங்கையர்க்கரசி. தண்ணீர் வரிசையில் அதிகாரியை ஏசியவள். தீங்களவு நாற்பத்து மூன்று. பால்குடி மறக்காத குழந்தை வீட்டில் அழுதுகொண்டிருந்தது. அவள் பேசி முடிக்கும் வரை தணிகைவேல் குறுக்கிடவே இல்லை. அவள் விம்மியபோது தானே எழுந்து தண்ணீர் கொடுத்தான்.

"சான்று இல்லை. விடுதலைக்குப் பரிந்துரைக்கிறேன்" என்றது நடுவி.

தணிகைவேல் கண்ணைத் துடைத்துக்கொண்டு, 'காவல் தொடரும்' என்ற பொத்தானை அழுத்தினான்.

"அண்ணே! எல்லாத்தையும் கேட்டீங்களேண்ணே!" என்று அவள் அலறினாள்.

"கேட்டேம்மா. மனசே கலங்கிப்போச்சு. ரொம்ப நல்லாப் பேசினே."

அவளை மரியாதையாகக் கூட்டிப் போனார்கள்.

"முடிவுக்கான காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும்" என்றது நடுவி.

"இதுல என்ன காரணம் வேண்டிக்கிடக்கு? நாளைக்கு ஏதாவது ஆச்சுன்னா என்னையத்தான் கேப்பாங்க. அதோட, ஒண்ணுமில்லாமலா பிடிச்சிருப்பாங்க?"

நடுவி அந்தக் கடைசி வாக்கியத்தைச் சட்டப் புத்தகங்களில் தேடியது. எந்தப் பிரிவிலும் இல்லை. பிறகு பூமியிலிருந்து வந்த பழைய பதிவுகளில் தேடியது. டீக்கடையில் செய்தித்தாளை மடித்து வைத்தவர்கள், பேருந்தில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவர்கள், சாப்பிட்டுக்கொண்டே தொலைக்காட்சி பார்த்தவர்கள் என்று எல்லா ஊரிலும் எல்லா மொழியிலும் நல்லவர்களே அதைச் சொல்லியிருந்தார்கள். இத்தனை பேர் இத்தனை காலம் கடைப்பிடித்ததைச் சட்டம் என்றுதான் கொள்ள வேண்டும் என்று நடுவி முடிவுக்கு வந்தது.

அடுத்த கைதியைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். நடுவி ஆணையரிடம் எதையும் கேட்கவில்லை.