அரை மூச்சு முந்திய குரல்

லீவை பெட்டிகுரூ அந்தப் பாட்டை ஒரு முறைதான் பாடிப் பதிவு செய்திருந்தான். கேசட்டைத் திருப்பி ஓட்டியபோது இரண்டு குரல்கள் கேட்டன.

முதலில் அவன் அதைப் பொருட்படுத்தவில்லை. பத்தாண்டுகளாக ஒவ்வொரு பாட்டையும் இரண்டு முறை பாடுபவன் அவன். நான்கு ஒலித்தடங்கள் கொண்ட கேசட் கருவியில் முதல் குரலை மூன்றாம் தடத்தில் பதிவு செய்துகொண்டு, பிறகு ஹெட்ஃபோனில் அதையே கேட்டபடி, அதே சொற்களை அதே மூச்சில் நான்காம் தடத்தில் பாடுவான். இரண்டும் ஒன்றன்மேல் ஒன்று படியும்போது அவனுடைய மெலிந்த குரல், குழிக்குள்ளிருந்து பேசும் பெரிய மனிதனின் குரலாகத் தடித்துவிடும். மெம்பிஸ் நகரில் துணி அலமாரிக்குள் உட்கார்ந்து ராப் பாடிப் பதிவு செய்கிற எல்லோருக்கும் அதுவே வழக்கம். ஆகவே இரட்டைக் குரல் அவன் காதுக்குப் பழகிய ஒலி. கருவியின் முகப்பைக் குனிந்து பார்த்த பிறகுதான், நான்காம் தடத்தின் பொத்தான் அழுத்தப்படவே இல்லை என்பதைக் கண்டான்.

இன்னொன்றும் இருந்தது. எவ்வளவு கவனமாகப் பாடினாலும் இரண்டாம் குரல் மயிரிழை பின்தங்கும். நிழலுக்கு அதுதான் இயல்பு. இந்தக் குரல் பின்தங்கவில்லை. அரை மூச்சு முந்தி வந்தது.

அப்போது பகல் இரண்டு மணி. ஆகஸ்ட் மாத வெயில் ஆரஞ்சு மவுண்ட் பகுதியின் தகரக் கூரைகளை வாட்டிக்கொண்டிருந்தது. குளிர்சாதனத்தின் முனகல் பதிவில் விழும் என்பதால் அதை அவன் நிறுத்தியிருந்தான். குளிர்பெட்டியின் மின்கம்பியையும் பிடுங்கியிருந்தான். அலமாரியின் சுவர்களில் ஆணியடித்துத் தொங்கவிட்ட போர்வைகளிலிருந்து பழைய வியர்வையின் நாற்றமும், அக்காவின் குளிர்காலக் கோட்டுகளிலிருந்து பாச்சை உருண்டையின் வாடையும், சூடேறிய கருவியிலிருந்து கருகிய தூசியின் மணமும் எழுந்து ஒன்றோடொன்று கலந்து, மூச்சிழுக்கும் காற்றைக் கெட்டியாக்கின. வீடு முழுவதும் அமைதி. அந்த அமைதிக்குள் யாரோ அடுத்த சொல்லுக்காக வாயைத் திறந்து வைத்திருப்பதைப் போன்ற ஈரமான ஒலி.

பயப்பட வேண்டும் என்று அவனுக்குத் தெரிந்தது. பயம் வரவில்லை.

அவனுக்கு எதுவும் வருவதில்லை. ஊரில் அவன் பெயர் டெட் லீவை, செத்தவன் லீவை. பதினொரு கேசட்டுகள் வெளியிட்டிருந்தான். ஒன்றுகூட வானொலியில் ஒலித்ததில்லை. எல்லாம் வீட்டிலேயே படியெடுத்து, கார் ஸ்பீக்கர் கடையில் விற்றவை. சுடப்பட்டோ வெட்டப்பட்டோ ஒருவன் இறந்தால், அடக்கம் முடிந்த வாரத்தில் அவனுடைய ஆட்கள் புகைப்படத்தோடு லீவையின் வாசலுக்கு வருவார்கள். "இவனையும் கேசட்ல போடு" என்பார்கள். அவன் அந்தக் கொலையைக் கொன்றவனின் வாயால் பாடுவான். நான் வந்தேன், நான் காத்திருந்தேன், நான் செய்தேன் என்று. கேட்பவர்களுக்கு முதுகு சில்லிடும், ஆனாலும் வாங்குவார்கள். அவன் வாழ்நாளில் துப்பாக்கியைத் தொட்டதில்லை; விமான நிலையக் கிடங்கில் பெட்டி பிரிப்பவன். ஆயினும் பத்தாண்டுகளாக 'நான்' என்று சொல்லிச் சொல்லி, அவனுக்குள் ஏதோ மரத்துப்போயிருந்தது. சொந்தச் சித்தப்பா மகனின் அடக்கத்தில், பாதிரியார் பேசப்பேச, அவன் அந்தப் பேச்சின் அசைகளை எண்ணிக்கொண்டு நின்றான்.

கேசட்டை வெளியே எடுத்தான். இரட்டைக் குரல் நன்றாகத்தான் இருந்தது. அதை மாற்றாமல், கடைக்காரர் எடுத்துப்போக வாசல் கதவின் இடுக்கில் வைத்துவிட்டான்.

மறுநாள் புக்கர் வந்தார். கார் ஸ்பீக்கர் கடை அவருடையதுதான். ஐம்பது வயது, முன்வரிசையில் ஒரு தங்கப் பல், எப்போதும் வாயில் சூயிங்கம்.

"என்னடா, செத்தவன் மாதிரிப் பாடுறதுதானே உன் தொழிலு? மூஞ்சியுமா அப்படி இருக்கணும்?"

"தூக்கம் இல்லண்ணே."

"வெள்ளிக்கிழமை ஹியூஸ்டன்லேர்ந்து பாட்டுக் கம்பெனி ஆளு வர்றான். அவன் முன்னாடி இப்படி நிக்காதே; பாட்டை வாங்காம மாலை வாங்கிட்டு வந்துடுவான்." தாமே சிரித்துக்கொண்டார். "நேத்து கதவு இடுக்குல வெச்ச கேசட்டை எடுத்துட்டுப் போயிக் கேட்டேன். வா, வண்டியில ஏறு. இதை வண்டியிலதான் கேக்கணும்."

புக்கரின் பழைய காரின் பின்பெட்டி முழுவதும் ஸ்பீக்கர்கள். முதல் பாட்டுக்கு எண்பலகை தடதடத்தது. இரண்டாவதற்குக் கண்ணாடிகள் அதிர்ந்தன. லீவை இருக்கையில் சாய்ந்திருந்தான். இரண்டாம் பாட்டு முடிந்ததும் கதவைத் திறக்கக் கை வைத்தான்.

"எங்கடா போறே? மூணாவதுதான் உசிரு."

"மூணாவது இல்லண்ணே. ரெண்டுதான் பாடியிருக்கேன்."

"யாருகிட்ட விளையாடுறே?"

மூன்றாவது தொடங்கியது. தாளம் இல்லை. இசை இல்லை. நாடா உராயும் இரைச்சலுக்கு நடுவில் ஒரே ஒரு குரல். அவனுடைய குரல். ஆனால் தடித்திருக்கவில்லை, துணையின்றித் தனியாக, காதருகில் பேசுவதுபோல் மெலிதாக இருந்தது.

அது ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்லிக்கொண்டு வந்தது. பச்சைச் சீருடை. மருத்துவமனையின் சலவைக்கூடத்தில் வேலை. இடது மணிக்கட்டில், பன்னிரண்டு வயதில் இஸ்திரிப் பெட்டி சுட்ட, படகு வடிவ வடு. வேலைவிட்டு வந்தால் செருப்பைக் கழற்றி அடுப்புக்குக் கீழே தள்ளுவாள். கதவைத் தாழிட மாட்டாள். உள்ளே தம்பி இருக்கிறான் என்பாள். நான் சமையலறை வரை வந்துவிட்டேன், என்றது குரல். அவள் திரும்பிப் பார்க்கவில்லை. என் காலடி அவளுக்குத் தெரியும்.

அதற்குமேல் நாடாவின் இரைச்சல் மட்டும்.

"முடிவை எப்பப் போடப் போறே?" என்றார் புக்கர். சூயிங்கத்தை மெல்வதை நிறுத்தியிருந்தார். "பொம்பளை யாருடா?"

லீவை கேசட்டைப் பிடுங்கிக்கொண்டு இறங்கினான். எத்தனையோ ஆண்டுகளுக்குப் பிறகு முதல் முறையாகப் பயம் வந்தது. கேசட்டைப் பிடித்த தன் கையை, அவன் வேறொருவருடையதைப் பார்ப்பதுபோல் பார்த்தான்.

அன்று மாலை அக்கா ஒடெஸா வேலைவிட்டு வந்து, செருப்பை அடுப்புக்குக் கீழே தள்ளிவிட்டு, மக்காச்சோள ரொட்டிக்கு மாவைக் கலந்தாள். அவன் கதவருகில் நின்றான். தாய் இறந்தபின் அவனை வளர்த்தவள். அவனைவிட ஒன்பது வயது மூத்தவள்.

"அக்கா, நீ மில்வாக்கிக்குப் போயிட்டு வாயேன். அத்தை வீட்டுக்கு. இன்னைக்கே."

"ஏன்டா? வீட்டைக் காலி பண்ணிட்டு எவளைக் கூட்டிட்டு வரப் போறே?"

"விளையாடாதே அக்கா. ஒரு வாரம் போதும்."

"உன் கேசட்டைக் கேட்டு ஊரே நடுங்குதாம். இங்க கரப்பான்பூச்சி வந்தா நான்தான் அடிக்கணும்." கரண்டியை மாவில் நட்டுவிட்டு அவனைத் திரும்பிப் பார்த்தாள். சிரிப்பு குறைந்தது. "யாராச்சும் மிரட்டுறாங்களா?"

"ஆமா."

"யாரு?"

அவன் அடுப்புக்குக் கீழே கிடந்த செருப்பைப் பார்த்தான்.

"நாளைக்குச் சம்பளம். வாங்கிட்டு வந்துடுறேன். அப்புறம் ராத்திரி பஸ்ஸுக்குப் போறேன், சரியா? இப்ப உக்காந்து சாப்பிடு."

மறுநாள் வியாழக்கிழமை. அவள் மூன்றரை மணிக்குத் திரும்புவாள். ஒரு மணிக்கு அவன் கேசட்டை முற்றத்தில் போட்டு எரிக்கத் தீக்குச்சியை எடுத்தான். எடுத்தவன் நின்றான். எரித்தால் பாட்டு அந்தச் சமையலறையிலேயே நின்றுவிடும். முடிவு எழுதப்படாமல், யார் வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளத் திறந்தே கிடக்கும். அவனுக்குத் தெரிந்தது ஒரே தொழில். முடிவைத் தானே பாடிவிடுவது என்று தீர்மானித்தான். அவள் பெட்டியை எடுத்துக்கொள்கிறாள், பஸ் ஏறுகிறாள், மில்வாக்கியில் அத்தை வாசலில் நிற்கிறாள். எட்டு வரிகள். பத்தாண்டுகளில் அவன் எழுதியவற்றுள், எவரும் சாகாத எட்டு வரிகள் அவை மட்டுமே.

குளிர்சாதனத்தை நிறுத்தினான், குளிர்பெட்டியின் மின்கம்பியையும் பிடுங்கினான். அலமாரிக்குள் புகுந்து, சமையலறைப் பக்கம் இருந்த அதன் கதவை ஒரு விரலளவு திறந்துவைத்து, முழங்காலிட்டு அமர்ந்தான். அந்தக் குரல் நின்ற இடத்தை நாடாவில் தேடிப் பிடித்தாக வேண்டும். அங்கிருந்துதான் தொடங்க முடியும். வழக்கம்போல் ஹெட்ஃபோனை மாட்டினான். வழக்கம்போல் கண்ணை மூடினான். குரல் தொடங்கியது. பச்சைச் சீருடை. சலவைக்கூடம். மணிக்கட்டு வடு. வழக்கம்போல் அவன் உதடுகள் அதனோடு சேர்ந்து அசைந்தன.

நான்காவது வரியில்தான் புரிந்தது.

ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு, முன்னால் போகும் குரலைப் பின்தொடர்ந்து பாடுகிறவன்தான் இரண்டாம் குரல். பத்தாண்டுகளாக அந்த அலமாரியில் இருந்த ஒரே சட்டம் அது. அந்தச் சட்டப்படி இப்போது முதல் குரல் எது என்பதை அவன் வாயே தீர்த்து வைத்துவிட்டது.

ஹெட்ஃபோனைப் பிடுங்கி எறிந்தான். ஒலிவாங்கியை வாயருகே இழுத்து, எட்டு வரிகளையும் அடித்தொண்டையிலிருந்து பாடினான். தொண்டை அதிர்ந்தது, நரம்பு புடைத்தது. கருவியில் மூன்றாம் தடத்தின் ஒலியளவைக் காட்டும் முள் அசையவில்லை. அவன் கத்தினான். முள் படுத்தே கிடந்தது. அப்போதுதான் தன் கத்தல் தன் காதிலும் விழவில்லை என்பதை உணர்ந்தான்.

வெளிக்கதவு திறந்தது.

செருப்பு தரையில் உரசும் ஒலி. காகிதப் பை நசுங்கும் ஒலி. மணி இன்னும் இரண்டுகூட ஆகவில்லை.

"லீவை? சீக்கிரமே விட்டுட்டாங்கடா! எங்க இருக்கே?"

ஓடிவிடு அக்கா என்று வாயைத் திறந்தான்.

"இங்கதான் அக்கா" என்றது சமையலறையில் ஒரு குரல்.

அரை மூச்சு கழித்து அவன் உதடுகள் அதே சொற்களை ஒலியின்றி உச்சரித்தன.

"என்னடா இது, குளிர்பெட்டியைக் கூடவா பிடுங்கி வெச்சிருக்கே? பால் கெட்டுப்போயிருக்கும்."

"கெடலை. பார்த்துட்டேன்."

கெடலை. பார்த்துட்டேன். அவன் நாக்கு பின்னால் ஓடியது. கதவைத் தள்ளக் கையை உயர்த்தினான், கை உயரவில்லை. காலை நீட்டினான், கால் நீளவில்லை. சமையலறையில் நாற்காலி இழுபட்டது. அப்போது மட்டும் அவன் கை, தானாக, எதையோ பிடித்து இழுப்பதுபோல் பின்னால் நகர்ந்தது.

விரலளவு இடுக்கு. அதன் வழியே ஒடெஸாவின் முதுகு. நாற்காலியில் அமர்ந்திருந்தாள். அவளுக்குப் பின்னால் ஒருவன். லீவையின் சட்டை. லீவையின் கழுத்து மடிப்பு.

"பஸ்ஸுக்கு முன்னாடி இந்தப் பின்னலைப் பிரிச்சு விட்டுடுடா. மாசம் ஒண்ணாச்சு, தலையெல்லாம் அரிக்குது. பிளேடு இந்தா. நுனியில கட்டியிருக்கிற நூலை மட்டும் அறு."

"சரி அக்கா."

"உனக்குக் கை ஏன் இவ்வளவு சில்லுனு இருக்கு?"

அவள் சிரித்தாள். பாடல் ஒன்றை முணுமுணுத்தாள். பின்னல்கள் முழுவதையும் அள்ளி முன்பக்கம் போட்டுக்கொண்டு, நாள் முழுதும் நின்ற களைப்பில் கண்களை மூடித் தலையைக் குனிந்தாள். பிடரி வெளிப்பட்டது. பழுப்பாக. வியர்வையில் மினுங்கிக்கொண்டு.

"அசையாதே அக்கா."

அசையாதே அக்கா.

அலமாரியின் இருட்டில், கோட்டுகளின் நடுவே, லீவை முழங்காலிட்டிருந்தான். இடக்கை வெறுங்காற்றில் ஒரு தலையை மென்மையாகத் தாங்கியிருந்தது. வலக்கையின் இரு விரல்கள், எதுவுமே இல்லாத ஒன்றைக் கெட்டியாகப் பிடித்தபடி, அரை மூச்சு தாமதமாக, கழுத்தின் உயரத்துக்கு எழுந்துகொண்டிருந்தன.